கீழத்தெருவின் கனம்

பாலம் திறந்த மூன்றாம் மாதம், கீழத்தெருச் சங்கக் கட்டடம் உள்ளே கூட்டம் நடந்துகொண்டிருந்தபோதே பூமிக்குள் இறங்கிவிட்டது. முப்பது பேருக்கு மேல் இருந்தார்கள். ஓர் ஓடுகூட உடையவில்லை. லிஃப்ட் இறங்குவதுபோல நிதானமாக இறங்கியது, மேலே மண் மூடிக்கொண்டது. பாலம் கட்டிய அலுவலகத்து ஜன்னல் திரைகளுக்கு ஓரம் அடித்து முடித்துவிட்டுத் தாமதமாக வந்த தையற்காரி பார்த்தது காலி மனையைத்தான். மண்ணுக்கடியில் அவள் தங்கையின் குரல் கேட்டது: "யாரும் எழுந்திரிக்காதீங்க. தீர்மானம் இன்னும் நிறைவேறல."

அந்த ஊரில் கல்லிலிருந்து கனத்தை வடிக்கத் தெரியும். பாலம் தூணே இல்லாமல் ஆற்றின்மேல் நின்றது அப்படித்தான். கல்லில் கனம் மறுபடி ஊறும் என்பதால் வடித்துக்கொண்டே இருக்க வேண்டும். வடித்ததைத் தொட்டியில் சேர்த்து, படகில் ஏற்றி, நடுக்கடலில் கொட்டுவது வழக்கம். படகோ மெதுவாகப் போகும், திறப்பு விழாவுக்கோ தேதி குறித்தாகிவிட்டது. தலைமைப் பொறியாளர் தொட்டியிலிருந்து ஒரு குழாயை இழுத்துக் கீழத்தெருவின் குடிநீரோடு இணைத்து, பாலத்தின் கனத்தை அந்த ஜனங்கள் தலையில் கட்டிவிட்டார். மேலத்தெருவுக்கும் குடிநீர்க் குழாய் உண்டு. அவர் வீடு அங்கே இருந்ததால் அது அவர் கண்ணில் படவில்லை. ஆளுக்கு எவ்வளவு சேரும் என்று போட்ட கணக்கும் சரிதான். தெருவே ஒரு கூரைக்குக் கீழ் கூடும் என்பது மட்டும் அதில் இல்லை. அந்த ஜனங்களுக்குக் கூடிப் பேச ஏதாவது இருக்கும் என்று அவருக்குத் தோன்றவே இல்லை.

கட்டில்கள் முறிந்தன. கைக்குழந்தையைத் தூக்க இரண்டு பேர் வேண்டியிருந்தது. சங்கச் செயலாளரான தங்கைக்கு வாய் சும்மா இருக்காது. "தண்ணியில என்னத்தையோ கலக்குறாங்க, கேட்டே ஆகணும்" என்று வீடு வீடாகப் போய் ஆள் சேர்த்தாள். கேட்பதற்காகக் கூடினார்கள், அதற்காகவே புதைந்தும் போனார்கள்.

விசாரணைக் குழு வந்தது, காபி குடித்தது, கூடியதுதான் விபத்துக்குக் காரணம் என்று எழுதியது. இனிமேல் கீழத்தெருவில் மூன்று பேருக்கு மேல் சேர்ந்து நிற்கக் கூடாது என்று உத்தரவு போட்டார்கள். தோண்டச் சொல்லிக் கேட்டால், தோண்டினால் பாலம் ஆடும் என்றார்கள். தோண்டினால் குழாய் தெரியும் என்பதுதான் விஷயம். வெட்கங்கெட்டவர்கள். விளக்குக் கம்பத்தைப் பிடுங்கிய குழி வழியாகத் தெருவார் ரொட்டியும் தண்ணீரும் இறக்கினார்கள். வேறு தண்ணீர் இல்லை, அதே தண்ணீர்தான். புதைந்த இரண்டாவது மாதம் கடிகாரம் பழுதுபார்ப்பவர் கீழேயே செத்துப்போனார். அவர் மனைவி அதைக் குழியருகே மண்டியிட்டுக் காதால் கேட்டுத் தெரிந்துகொண்டாள். துக்கம் விசாரிக்க வந்தவர்களை அலுவலகச் சிப்பந்தி ஒருவன் மும்மூன்று பேராகப் பிரித்து அனுப்பினான்.

மறுநாள் தையற்காரி, அதுவரை கொடுக்காமல் வைத்திருந்த திரைகளை எடுத்துக்கொண்டு அலுவலகத்துக்குப் போனாள். அந்தக் கட்டடத்தின் வாசல் மேலத்தெருவில், பின்சுவரோ புதைந்த சங்கத்தை ஒட்டி. "உக்காருங்க, கூப்பிடுவாங்க" என்றான் பியூன். காக்க வைக்காத அதிகாரியை அங்கே யாரும் மதிப்பதில்லை. மதியம்வரை காத்திருந்தவள், பெஞ்சுக்கு அடியில் தரை விரல் அளவு பள்ளமாகியிருப்பதைப் பார்த்தாள். அதன்பின் அவள் அவசரப்படவில்லை.

"கீழத்தெருவுலதானே கூடக்கூடாது? ஆபீஸ்ல கூடாதுன்னு எவன் சொன்னான்?" என்று வீடு வீடாகப் போய்க் கேட்டாள். அடுத்த வாரம் ஆளுக்கொரு மனுவோடு தெருவே கிளம்பியது. ஒவ்வொருவராகக் கூப்பிட்டுப் பேசி அனுப்பியிருந்தால் ஒன்றும் ஆகியிருக்காது. தலைமைப் பொறியாளர் எல்லோரையும் உட்கார வைத்தார். நண்பகலில் அலுவலகம் ஒரு மூச்சு விட்டு, தெருவார், பியூன், மேசை, புதுத்திரைகள், அவர் என்று எல்லாவற்றோடும் இறங்கிச் சங்கத்தின் பக்கத்தில் போய் நின்றது.

மாதக்கணக்கில் வராத இயந்திரங்கள் ஒரு மணி நேரத்தில் வந்தன. பொழுது சாய்வதற்குள் தோண்டி முடித்தார்கள். பாலம் ஆடவில்லை. இரண்டு கட்டடங்களுக்கும் மேலே, ஊரே பார்க்க, அந்தக் குழாய் தொங்கியது.

ஏணி இறங்குவதற்குள் அலுவலகத்துக்குள் இருந்த கீழத்தெருவார் பின்சுவரை இடித்துவிட்டார்கள். ஓட்டை வழியாகத் தங்கை வந்தாள், முடியெல்லாம் மண். தையற்காரி அவளைக் கட்டிக்கொண்டு ஓவென்று அழுதாள். "இவ்வளவு நேரமாக்கா ஓரம் அடிச்சே?" என்றாள் தங்கை. பிறகு தலைமைப் பொறியாளரிடம் திரும்பி, குழாயைக் காட்டினாள்.

அவர் குழாயைப் பார்க்காமல் சொன்னார். "ஆளுக்குக் கொஞ்சம்தாம்மா. தெரியாதுன்னு நெனச்சேன்."

"கூட்டம் இன்னும் முடியல சார். உக்காருங்க, கூப்பிடுறோம்."

வழியெங்கும் ஆட்கள் நின்றதால் அவர் பெஞ்சில் உட்கார்ந்தார். பேச்சு விடிய விடிய நடந்தது. தாகம் எடுத்துத் தண்ணீர் கேட்டார். குடிநீரில் கலக்கும் முன்பே கனம் அப்படியே ஓடும் அந்தக் குழாயிலிருந்தே தையற்காரி பிடித்து வந்தாள். கடிகாரக்காரர் மனைவி அதை வாங்கித் தன் கையாலேயே கொடுத்தாள். அவர் டம்ளரைப் பார்த்தார், அவர்களைப் பார்த்தார், குடித்தார். விடிந்தபோது அவரால் எழுந்திருக்க முடியவில்லை. கிரேன் வைத்துத் தூக்கிப் பார்த்தார்கள், கிரேன்தான் சாய்ந்தது.

இப்போது கனம் படகில்தான் கடலுக்குப் போகிறது. கீழத்தெருத் தண்ணீர் சுத்தமாகி, பிள்ளைகளைத் தாய்மார்கள் ஒற்றைக் கையில் தூக்குகிறார்கள். தொட்டியில் மிஞ்சியது மட்டும் பழைய குழாயில் இன்னும் சொட்டுகிறது. அலுவலகத்தில் வேலை உள்ளவர்கள் ஏணியில் இறங்கிப் போகிறார்கள். பெஞ்சில் இருப்பவருக்கு வணக்கம் சொல்கிறார்கள். தையற்காரி தினமும் ஒரு டம்ளர் பிடித்து அவரிடம் நீட்டுகிறாள்.

"கொஞ்சம்தான் சார். தெரியாது."