பன்றி கடித்த கதவு

“குழிக்குள்ள இறங்குடி! சீக்கிரம்!”

குய்லான் தன் மூன்றாவது மகளின் பிடரியைப் பிடித்துத் தள்ளினாள். அடுப்பங்கரை மூலையில் சர்க்கரைவள்ளிக்கிழங்கு போட்டு வைக்கும் குழி. பலகை மூடியைக் காலால் விலக்கி, மகளை உள்ளே அமுக்கி, மூடி, மேலே முட்டைக்கோஸ் கூடையையும் தூக்கி வைத்தாள். எல்லாம் ஒரே மூச்சில். பழகிய கை.

வெளியே ஒலிபெருக்கி வண்டி நெருங்கிக்கொண்டிருந்தது. வண்டி புதுசு. குரல் பழசு. குடும்பக் கட்டுப்பாட்டு ஆபீஸ் பெங் தலைவியின் குரல்.

ஒரே ஒரு சிக்கல்தான். குழிக்குள் இறங்கிய ஷியாவ்மானுக்கு முப்பது வயது. ஷென்ஜென் பட்டணத்தில் ஒரு கப்பல் கம்பெனியில் வேலை, புத்தாண்டு வசந்த விழா லீவுக்கு வந்திருந்தாள்.

“அத்தை,” என்றது குழி. “சட்டம் மாறி எத்தனையோ வருஷம் ஆச்சு. இப்ப பெத்துக்கச் சொல்லித்தான் கத்துறாங்க.”

“வாயை மூடு. கிழங்கு பேசாது.”

அத்தை என்று கூப்பிட்டது பெற்ற மகள்தான். எங்கள் ஊரில் இப்படிப் பெற்றவர்களையே அத்தை, மாமா, சித்தி என்று கூப்பிட்டே வளர்ந்த பிள்ளைகள் தெருவுக்கு இரண்டு பேராவது உண்டு.

குய்லானுக்கு முதல் இரண்டும் பெண். அத்தோடு நிறுத்து என்றது அரசாங்கம். மூன்றாவது தானாக வந்து தொலைத்தது. அந்தக் குழந்தை தவழத் தொடங்கிய சமயம், யாரோ வத்தி வைத்துவிட்டார்கள். பெங் தலைவி ஆட்களோடு வந்தாள். பிள்ளை குழிக்குள். வீடு முழுக்கத் தேடியும் கிடைக்கவில்லை. வெறுங்கையோடு போனால் மேலிடம் சும்மா விடுமா? பன்றியை ஓட்டிப் போனார்கள். வாசல் கதவையும் அது சுழலும் குடுமியோடு தூக்கிப் போனார்கள். நல்ல கற்பூர மரக் கதவு. கீழ் மூலையை மட்டும் அதே பன்றி கடித்து வைத்திருந்தது.

மறுநாளே குழந்தை பக்கத்து மாவட்டத்துக்குப் போனது. குய்லானின் புருஷன் சாங்கெனுக்கு யூமெய் என்று ஒரு தங்கை. அவளுக்குப் பிள்ளை இல்லை. பதிவிலும் அவள்தான் அம்மா, வளர்த்ததும் அவள்தான். திருவிழாவுக்கு வரும்போதெல்லாம் பெற்றவள் அத்தை, பெற்றவன் மாமா. நாலு வயதில் ஒரு தடவை, கிணற்றடியில், நாலு பேர் முன்னால் ‘அம்மா’ என்று வாய் தவறியது. குய்லான் விட்டாள் ஓர் அறை. அப்புறம் அந்த வாய் தவறவே இல்லை.

வாசலில் சாய்த்திருந்த தகரத்தை நகர்த்திக்கொண்டு பெங் உள்ளே வந்தாள். தலை நரைத்திருந்தது. கையில் ஒரு பை ஆரஞ்சுப் பழம்.

“என்ன குய்லான், இன்னுமா தகரம்?”

“என் கதவு ஆபீஸ் வேலையா வெளியூர் போயிருக்கு தலைவி. வந்ததும் மாட்டிக்கிறேன்.”

பெங் சிரித்தாள். மனிதருக்கு வெட்கம் இல்லாவிட்டால் சிரிப்பு எளிதில் வரும்.

“நல்ல சேதி கொண்டு வந்திருக்கேன். விளக்குத் திருவிழா அன்னைக்கு மேடை போடுறோம். மூணு பிள்ளை பெத்த குடும்பத்துக்கு மரியாதை. தோளுக்குச் சிவப்புப் பட்டை, மின்சார அடுப்பு எல்லாம் உண்டு.”

“அதுக்கு எங்கிட்ட எதுக்கு வர்றே? மூணு பெத்தவங்களைப் பாரு.”

“எங்கே இருக்காங்க? சின்னஞ்சிறுசுங்க எல்லாம் பட்டணத்துல நாய் வளர்க்குதுங்க. மேலிடத்துல குடும்பத்தைக் காட்டு, குடும்பத்தைக் காட்டுன்னு உயிரை எடுக்குறாங்க. உனக்குத்தான் மூணு இருக்கே.”

“ரெண்டு.”

“மூணு.”

“ரெண்டுதான். வேணும்னா வீட்டைத் தேடிக்கோ. உனக்குப் பழக்கம்தானே?”

குழிக்குள்ளிருந்து ஒரு தும்மல். பழைய கிழங்குத் தூசி சும்மா விடாது.

பெங் முட்டைக்கோஸ் கூடையைப் பார்த்தாள். “இதே குழிதான். அன்னைக்கு இதுமேலதான் நின்னேன். உள்ள சிணுங்கல் கேட்டுச்சு. கேக்காத மாதிரி இருந்துட்டேன். அதனாலதான் கதவோட விட்டேன்.”

“அப்போ பன்றி?”

பெங் கொஞ்சம் யோசித்தாள். “பன்றி நல்லா கொழுத்து இருந்துச்சு.”

மூடி தானாகத் தூக்கிக்கொண்டது. கூடை உருண்டது. தலைமுடியெல்லாம் மண்ணாக ஷியாவ்மான் எழுந்து நின்றாள். பெங்குக்கு முகம் மலர்ந்துவிட்டது.

“அட, எவ்வளவு வளர்ந்துட்டே! கல்யாணம் ஆச்சா? இல்லையா? முப்பது ஆச்சேம்மா, எப்ப பெத்துக்கப் போறே?”

“நான் பொறந்ததே குத்தம்னு பன்றியைத் தின்னீங்க. இப்ப நான் பெத்துக்காட்டி குத்தமா? ஒரு முடிவுக்கு வாங்க தலைவி.”

பெங்குக்கு இதெல்லாம் உறைக்காது. அவள் குய்லானின் காதருகே குனிந்தாள். முப்பது வருஷமாக வீடு வீடாக நுழைந்தவள். எங்கே தொட்டால் வலிக்கும் என்று அவளுக்குத் தெரியும்.

“யோசிச்சுப் பாரு. ஊரே பார்க்க, மைக்குல, அவ உன்னை அம்மான்னு கூப்பிடுவா. இப்ப யாரும் தடுக்க மாட்டாங்க.”

குய்லான் அடுப்புப் பக்கம் திரும்பினாள். அந்த ஒரு சொல்லுக்காக அவள் எத்தனை திருவிழா காத்திருந்தாள் என்பது அடுப்புக்குத்தான் தெரியும்.

“வர்றேன். ஆனா அடுப்பு வேண்டாம். கதவு வேணும்.”

“அது எங்கே கெடக்கோ...”

“தேடு.”

விளக்குத் திருவிழா அன்று சதுக்கம் நிறைந்திருந்தது. பின்சுவரில் ‘மூன்று பெற்று மகிழ்வோம்’ என்று புது எழுத்து. காலை மழையில் சாயம் கரைந்து, அடியிலிருந்து ‘அதிகம் பெற்றால் வீடு இடியும்’ என்ற பழைய எழுத்து எட்டிப் பார்த்தது. வட்டாரச் செயலாளர் அதற்கு முதுகு காட்டி உட்கார்ந்திருந்தார்.

மேடையில் நீளமான மேசை. சிவப்புத் துணி விரித்து, மேலே மின்சார அடுப்பு, பால் பவுடர் டப்பாக்கள். குய்லானுக்குப் பட்டை போட்டார்கள். மூத்த இருவரும் வரவில்லை, வீடியோவில் கையசைத்தார்கள். பெங் மைக்கைப் பிடித்தாள்.

“இப்போ நம்ம ஷியாவ்மான், பெத்த தாயை எல்லார் முன்னாலயும் அம்மான்னு கூப்பிடப் போறா! கை தட்டுங்க!”

தட்டினார்கள். குய்லான் பட்டையைச் சரிசெய்துகொண்டு, புகைப்படத்துக்கு நிற்பவள் போல நிமிர்ந்து நின்றாள்.

ஷியாவ்மான் மைக்கை வாங்கினாள்.

“இவங்க எங்க அத்தை,” என்றாள். “அப்படித்தான் கூப்பிடணும்னு இந்த ஊர்தான் சொல்லிக் கொடுத்துச்சு. எங்கம்மா பேரு யூமெய். பதிவுல பாருங்க.”

 கூட்டத்தில் எங்கேயோ ஒரு கிழவர் கெக்கெக்கென்று சிரித்தார். சிரிப்பு பரவியது. செயலாளர் தேநீர்க் குவளைக்குள் முகத்தை விட்டுக்கொண்டார்.

குய்லான் அப்படியே நின்றாள். அழுதிருப்பாள். அதற்குள் காற்றில் சிவப்புத் துணியின் ஓரம் விலகியது. மேசைப் பலகையின் மூலை தெரிந்தது. கடித்த மூலை.

அவள் சிவப்புப் பட்டையைக் கழற்றினாள். மின்சார அடுப்பைத் தூக்கிச் செயலாளரின் மடியில் வைத்தாள். “பிடிங்க.” துணியோடு டப்பாக்களை உருவிக் கீழே விட்டாள். “என்னங்க! ஒரு முனையைப் பிடிங்க!”

கூட்டத்தில் புகைத்துக்கொண்டிருந்த சாங்கென் சிகரெட்டை வீசிவிட்டு மேடையில் ஏறினான். அவன் வாழ்க்கையில் ஒரு மேடையில் ஏறியது அதுதான்.

“ஏய், அது அரசாங்கச் சொத்து!” என்று பெங் கத்தினாள்.

“பன்றியோட பல்லு பதிஞ்சிருக்கு பாரு,” என்றாள் குய்லான். “சாட்சி உன் வயித்துலதான் இருக்கு.”

முன்னே சாங்கென், பின்னே குய்லான், நடுவில் ஷியாவ்மான் தாங்கிப் பிடிக்க, கதவு தெரு வழியே வீட்டுக்குப் போனது.

பாதி வழியில் குய்லான் கேட்டாள். “ஒரே ஒரு தடவை சொல்லியிருக்கலாம்ல?”

“சொல்லாதேன்னு அவங்க சொன்னாங்க, கேட்டேன். சொல்லுன்னு சொன்னா அதையும் கேக்கணுமா அத்தை? அவங்க சொல்லிக் கொடுத்துச் சொல்ற ‘அம்மா’ உங்களுக்கு வேணுமா?”

குய்லான் பிடியை மாற்றிக்கொண்டாள். கதவு கனத்தது.

கதவின் குடுமி வாசற்படியின் பழைய குழியில் உட்கார மறுத்தது. சாங்கென் ஒரு மிதி மிதித்தான். முனகிக்கொண்டே உட்கார்ந்தது. தகரத்தைக் கோழிக் கூண்டுக்கு மேலே போட்டார்கள்.

அடுப்பில் புகைக்கறியும் மிளகாயும் வதங்கிக்கொண்டிருந்தன. தெருவில் ஒலிபெருக்கி வண்டி வந்தது. அதே குரல், கொஞ்சம் கம்மலாக, மூன்று பெற்றுக்கொள்ளச் சொல்லிக் கெஞ்சிக்கொண்டு வந்தது. சத்தம் கேட்டதும் குய்லானின் கால் தானாகக் குழிப்பக்கம் நகர்ந்தது.

ஷியாவ்மான் நகரவில்லை. கிண்ணத்திலிருந்து தலையைத் தூக்காமல், வாயில் சோற்றோடு சொன்னாள்.

“அம்மா, கதவைச் சாத்து. குளிருது.”

குய்லான் சாத்தினாள். தாழ்ப்பாளையும் போட்டாள்.