பேய்க்குப் பொட்டு வைத்த டைரக்டர்

1
விழா மலருக்கு ஒரு பக்கம் கேட்டார்கள். தலைப்பையும் அவர்களே தந்தார்கள்: ‘கலையுலகில் அழகுமலையின் வீறுநடை.’ “பொன்னமராவதி மண் ஈன்றெடுத்த ஒப்பற்ற” என்று தொடங்கி, ஒப்பற்ற என்ன என்று தெரியாமல் நின்றுவிட்டேன். வரி அப்படியே கிடக்கட்டும்.

2
அழகுமலை நாடகக்காரர்களுக்கு அரிதாரம் பூசுகிறவர். 1961இல் அவர் கைக்கு ஒரு பழைய கேமரா வந்தது. (எப்படி என்று மூன்று விதமாக எழுதிப் பார்த்தேன். மூன்றிலும் திருடர் போலவே தெரிகிறார்.) டைரக்டராக வேண்டும், ஆனால் நடிகர்கள் கூலி கேட்பார்கள். பேய்கள் கேட்பதில்லை. ஆகவே ஆவிகளைப் பற்றி ‘உண்மைப்படம்’ எடுத்தார். உச்சிவெயிலில், சுடுகாட்டுப் புளியமரத்தடியில். முதல் படத்தில் மரம் மட்டும் பதிவாகியிருந்தது. இரண்டாவதில் மரமும் ஓர் ஆடும்.

பேய்களுக்குத் தொழில் சுத்தம் போதாது என்று சலித்துக்கொண்டு, மூன்றாவதற்குத் தம் மனைவி செவந்திக்கே முகமெல்லாம் முத்துவெள்ளைப் பொடி பூசி, மெழுகில் மூக்கை நீட்டி, தலையை விரித்து நடக்கவிட்டார். பெண் வேஷம் எதுவானாலும் குங்குமம் வைத்தே முடித்துப் பழகிய கை, பேய்க்கும் ஒரு பொட்டு வைத்துவிட்டது.

3
டூரிங் கொட்டகையில் ஒருவரும் பயப்படவில்லை. பொட்டோடு, சுமங்கலியாகச் செத்தவள் எப்படிப் பேயாவாள்? அவள் வீட்டுச்சாமி. பெண்கள் எழுந்து கும்பிட்டார்கள். அரிசி ஆலை சோலையப்பன், அது தம் பாட்டனாரின் அக்காள்தான், தங்கள் வம்சத்து மூக்கு என்றார். செவந்தியை யாருக்கும் அடையாளம் தெரியவில்லை. ஒப்பனையில் மனிதர் மெய்யாகவே கெட்டிக்காரர்.

சோலையப்பன் செலவில் முழுநீளப் படம் முடிவாயிற்று. டைரக்டர் அழகுமலை, கதாநாயகி, சாமியேதான்.

“சாமி நடிக்க வருமாங்க?” என்றார் அழகுமலை.

“ஒனக்கு ஒரு தடவ வந்துச்சுல்ல? எனக்கு வராதா?”

உண்மையைச் சொன்னால் படம் போச்சு. சொல்லவில்லை.

4
(இங்கே செவந்தியை அழவைத்திருந்தேன். அவள் அழுகிற ஆளில்லை. அந்த வரியை அடித்துவிட்டேன்.)

முதல் நாள் படப்பிடிப்பு. டைரக்டர் நாற்காலியில் சாய்ந்து, மறுபடி தாமே பூசிச் சாமியாக்கிய செவந்தியிடம், இங்கிட்டுத் திரும்பு என்றார் அழகுமலை. சோலையப்பன் பதறி ஓடிவந்தார்.

“சாமிக்கே உத்தரவு போடுறியா? அது சொல்றதத்தான்யா நாம கேக்கணும்.”

அதே நாற்காலியில் மஞ்சள் துணி விரித்துச் செவந்தியை உட்காரவைத்தார்கள். கேமராக்காரர் கைகட்டி நின்று, எங்கே நிற்கட்டும் என்று கேட்டார். அவள் சுற்றிலும் பார்த்தாள்.

“வெளிச்சம் முதுகுல விழுது. அங்கிட்டு வைங்க.”

சரியாகத்தான் சொன்னாள். அழகுமலைக்குத் தாங்கமுடியாமல் போனது அதுதான்.

அழகுமலையைக் காட்டி, இந்த ஆளை என்ன செய்ய என்று சோலையப்பன் பவ்யமாகக் கேட்டார்.

“பவுடர் கலஞ்சிருக்கு. வந்து பூசச் சொல்லுங்க.”

5
அழகுமலை அவள் முன் குனிந்து நிற்கிறார். ஒரு கையில் பவுடர்ப் பஞ்சு, மறு கையில் தேங்காயெண்ணெய் நனைத்த துணி. துணியால் ஓர் இழுப்பு இழுத்தால் சாமி செவந்தியாகிவிடும். நாற்காலி அவருக்குத் திரும்பக் கிடைக்கும், படம் போய்விடும். பஞ்சால் ஒற்றினால் படம் வரும், நன்றாகவே வரும், வேறொருவர் இயக்கத்தில்.

துடைத்தார் என்று எழுதினேன், பொறாமைக்காரராகிவிட்டார். ஒற்றினார் என்று எழுதினேன், மகானாகிவிட்டார். இரண்டுமே அவருக்குப் பொருந்தவில்லை. ஆகவே இரண்டையும் உங்கள் கையில் தருகிறேன். நிதானமாக யோசிக்கலாமே என்பீர்கள். நான் விடுவேன். செவந்தி விடமாட்டாள். உதடு அசையாமல் அவருக்கு மட்டும் கேட்கச் சொல்கிறாள்:

“எதுனாலும் சட்டுனு செய்யுங்க. வெயிலு போகுது.”