நகர்காட்டுத் தடம்

பொற்கொடி ஓடிக்கொண்டிருந்தாள். இடப்பக்கக் குன்றும் அவளோடு கூடவே ஊர்ந்து வந்தது.

"வலது கைப்பக்கம் பாறை. அடுத்து ரெட்டைப் புளியமரம். வரைஞ்சியா ரேவதி?" வாக்கிடாக்கியில் கேட்டாள்.

"வரைஞ்சாச்சுக்கா. மூச்சு வாங்கிக்கோ. உச்சிவெயிலுக்கு இன்னும் நேரம் கெடக்குது."

ரேவதி ஓசூரில், டயர் கடை மாடியிலிருக்கும் தடவரைஞர் சங்கத்தில் தாளும் பேனாவுமாக உட்கார்ந்திருந்தாள். பொற்கொடி சொல்லச் சொல்ல அவள் வரைவாள். வரைந்தது நிற்கும். விட்டுப்போனதை நகர்காடு விழுங்கிவிடும். நாட்றாம்பாளையத்துக்கு அப்பால் கிடக்கும் அந்த நிலம் தினமும் உச்சிவெயிலில் இடம் மாறும். மறுநாள் மறுபடி நடந்து, மறுபடி வரைய வேண்டும். சங்கத்தின் பிழைப்பே அதுதான்.

நடக்கிறவருக்கு ஒரே ஒரு காப்பு உண்டு. வரைகிறவர் எடுத்த எடுப்பில் தாளில் அவருக்கென்று ஒரு குங்குமப் பொட்டு வைக்க வேண்டும். பொட்டு இருந்தால் காலடித் தடம் அழியாது. அதைப் பிடித்து வெளியே வந்துவிடலாம். ஆனால் போகும்போது திரும்பிப் பார்த்தால் பொட்டு பலிக்காது. பொற்கொடி ஒருநாளும் பார்த்ததில்லை.

அவள் புருஷன் முனிவேலும் இதே காட்டில் நடந்தவன்தான். போன ஆடியில் உள்ளே போனான், வரவில்லை. "மாமா திரும்பிப் பாத்திருக்கும்க்கா" என்று அவள் மடியில் விழுந்து அழுதவள் ரேவதி.

நேற்று, நகர்காட்டில் நிலம் வைத்திருக்கும் வெங்கடம்மாளின் கிணறு மாயமானதைச் சங்கக் கூட்டத்தில் கேட்கப்போவதாகப் பொற்கொடி சொன்னாள். "நான் நடந்தப்ப கெணறுன்னு சொன்னேனே, எப்படிப் போகும்?"

ரேவதி அவள் கையைப் பிடித்துக்கொண்டாள். "அத அப்புறம் கேக்கலாம்க்கா. வாக்கிடாக்கில மாமா கொரல் கேட்டுச்சு. மஞ்சப் பாறைல இருக்குதாம்."

நகர்காட்டில் நகராத இடம் மஞ்சள் பாறை ஒன்றுதான். வழி தப்பியவர்கள் அங்கேதான் ஒதுங்குவார்கள். பொற்கொடி வேறெதையும் யோசிக்கவில்லை.

"பொட்டு வெச்சியாடி?" ஓடியபடியே கேட்டாள்.

"மொத வேலையே அதான். உனக்கு வெக்காம யாருக்கு வெக்கப் போறேன்?"

ஈரச் செம்மண்ணில் குதிகால் புதையப் புதைய ஓடி, பாறையை எட்டினாள். விளாம்பழ ஓடுகளுக்கு நடுவே, தாடியும் எலும்புமாக முனிவேல் உட்கார்ந்திருந்தான். அவளைப் பார்த்ததும் அவன் முகம் இருண்டது.

"நீ எதுக்கு வந்த மே?"

"எந்திரிங்க. என் தடத்தப் புடிச்சே போயிடலாம்."

"உனக்கு யாரு வரையறா?"

"ரேவதிதான். நீங்க வாக்கிடாக்கில பேசினதா அவதான் சொன்னா."

முனிவேல் இடுப்பிலிருந்த வாக்கிடாக்கியை எடுத்து நீட்டினான். பேட்டரி பொங்கி, மூடி பிளந்திருந்தது. "உள்ள வந்த வாரமே செத்துப்போச்சு."

பொற்கொடி தன்னுடையதை அழுத்தினாள். "ரேவதி? ரேவதி, இருக்கியா?"

இரைச்சல் மட்டும் வந்தது. நடக்கிறவர் வெளியே வரும்வரை வரைகிறவர் எழுந்திருக்கக் கூடாது. சங்கத்தில் யாரும் அதை மீறியதில்லை.

"வீட்டுமனைக்கு லேஅவுட் போடறவன் கேட்டான்னு ரெண்டு கெணத்த அவ வேணும்னே விட்டுட்டு வரைஞ்சா," என்றான் முனிவேல். "சங்கத்துல சொல்லிடுவேன்னேன். மறுநாளே என்ன இங்க அனுப்பிட்டா."

"நானும் கெணத்தப் பத்திக் கேப்பேன்னுதான் சொன்னேன். ஆனா நீங்க திரும்பிப் பாத்தீங்கன்னு..."

"இங்க வந்து சேர்ற வரைக்கும் நான் பாக்கல. நீ பாத்தியா?"

"இல்ல."

"இப்பப் பாரு. வந்து சேந்தாச்சில்ல."

பொற்கொடி திரும்பினாள். குதிகால் புதைய அவள் ஓடி வந்த செம்மண், கழுவிக் கவிழ்த்த தட்டைப் போலக் கிடந்தது. ஒரு தடம்கூட இல்லை.

"எனக்கும் அவ பொட்டு வெக்கல மே," என்றான் முனிவேல்.