நத்தைக்குத் திக்குவாய்

அர்மேலுக்குத் திக்குவாய். அதனால்தான் பேச வேண்டியிராத வேலையாகப் பார்த்துப் பாரிஸ் தொலைக்காட்சியில் சேர்ந்தாள். காகித நத்தையை விளக்கடியில் வைத்து மயிரிழை நகர்த்தி ஒரு படம் எடுப்பாள். மறுபடி நகர்த்தி இன்னொன்று. நொடிக்கு இருபத்தைந்து படம்.

நத்தைக்குக் குரல் கொடுத்தவன் ரெஜிஸ், நாடறிந்த கோமாளி. குரல் நாடா முதலில் வரும். அதைக் கேட்டு, எண்ணி எண்ணி, நத்தைக்கு வாய் வெட்டுவது அர்மேலின் பாடு. அன்று வந்த நாடாவைப் போட்டாள்.

“மு-மு-முட்டைக்கோஸ் எ-எ-எனக்குத்தான்.”

அவளுடைய திக்கலேதான். மூச்சு முட்டும் இடம்கூடப் பிசகவில்லை. சாப்பாட்டுக் கூடத்தில் அவன் தினமும் எதிரில் வந்து உட்கார்ந்து பேச்சுக் கொடுத்ததெல்லாம் இதற்குத்தான். பாவி.

தன்னைக் கேலி செய்ததைக்கூட அவள் விழுங்கியிருப்பாள். வீட்டில் ஆறு வயது மகள் ஸொலேன் இருந்தாள். அவளுக்கும் அதே நாக்கு. நத்தை வரும் வியாழக்கிழமை பள்ளி விடுமுறை, பிள்ளைகள் அத்தனையும் தொலைக்காட்சிப் பெட்டி முன்னால் கிடக்கும். வெள்ளிக்கிழமை பள்ளி முற்றத்தில் என்ன நடக்கும் என்று அர்மேலுக்கு யாரும் சொல்ல வேண்டியதில்லை.

கத்திரிக்கோலை எடுத்தாள். திக்கிய இடங்களையெல்லாம் வெட்டியெடுத்து, மீதி நாடாவை ஒட்டினாள். வெட்டிய துண்டை எறியக் கூடாது என்பது அங்கே பழக்கம். பழகிய கை. ஒவ்வொன்றுக்கும் எண் போட்டு ஆணியில் தொங்கவிட்டாள்.

ஒரு காட்சியை எடுத்து, வேலைக்கூடத்திலேயே நிகழ்ச்சித் தலைவர் ஒப்ரியோவுக்கும் மற்றவர்களுக்கும் போட்டுக் காட்டினாள். ஒருவரும் சிரிக்கவில்லை.

“என்ன இது, நத்தை செய்தி வாசிக்குதா?” என்றார் ஒப்ரியோ.

“மதாம் கைவேலை ஸார்,” என்றான் ரெஜிஸ். “திக்கினா அவங்களுக்குப் பிடிக்காதாம்.”

“எ-எ-என் பொண்ணு...” என்று அர்மேல் தொடங்கினாள்.

கூடமே கொல்லென்று சிரித்தது.

ஒப்ரியோ கண்ணைத் துடைத்துக்கொண்டார். “இதைத்தாம்மா கேக்கறேன். ரெஜிஸ், மறுபடி ஒரு தடவை பேசிடேன்.”

“நாளைக்கு லியோன்ல நாடகம் ஸார். எதுக்கு இன்னொரு தடவை? அதோ தொங்குதே.”

எல்லோரும் ஆணிகளைப் பார்த்தார்கள். வரிசை வரிசையாக, அவள் கையெழுத்திலேயே எண்களோடு, ஒன்றுகூடக் குறையாமல் தொங்கின.

“ஒட்டுங்க. முடியாதுன்னா நத்தையை வேற ஆளுகிட்ட குடுத்துடறேன்,” என்றார் ஒப்ரியோ.

அர்மேல் ஒட்டினாள். சும்மா சொல்லக் கூடாது, வேலை சுத்தம்.

வியாழக்கிழமை ஸொலேன்தான் தெருவிலேயே அதிகம் சிரித்தவள். “அ-அ-அம்மா, நத்தை ந-நம்மள மாதிரியே பேசுது,” என்று மடியில் வந்து விழுந்தாள்.

வெள்ளிக்கிழமை பள்ளியிலிருந்து திரும்பியபோது அவள் சட்டைப்பை நிறைய முட்டைக்கோஸ் இலை. யார் திணித்தது என்று அர்மேல் கேட்க, ஸொலேன் இலைகளை அள்ளிக் குப்பையில் போட்டாள். சாப்பிடும்போது ரொட்டியை நோக்கி விரலை நீட்டினாள்.

“ரொ-ரொட்டி வேணும்னு வாயால சொல்லுடி கண்ணு.”

ஸொலேன் தலையை ஆட்டி மறுத்தாள். திங்கட்கிழமையும் விரலைத்தான் நீட்டினாள். அதற்குள் அர்மேலின் மேஜைக்கு, நத்தை திக்கும் அடுத்த பதின்மூன்று வாரத்து நாடாவும் வந்துவிட்டது.