பாஸ்கர் எழுதிய நண்டு

பிள்ளைகள் நிகழ்ச்சியை நிறுத்திவிட்டதாகத் தொலைக்காட்சி நிலையம் அறிவித்த பிறகும், ராயபுரத்திலிருந்து எண்ணூர் வரைக்கும் எல்லா வீட்டு டிவியிலும் ஞாயிற்றுக்கிழமை காலை ஒன்பது மணிக்கு தோஸ்து நண்டு வந்துகொண்டுதான் இருந்தது. சென்னையில் மற்ற இடங்களிலெல்லாம் அந்த நேரத்தில் சமையல் நிகழ்ச்சி. கரண்ட் போன நாளிலும் நண்டு வந்தது. கேபிள்காரர் மாசானம் ஒருமுறை வயரையே பிடுங்கிப் பார்த்தார். வயர் அவர் கையில் இருந்தது, நண்டு திரையில் இருந்தது. சொருகிவிட்டு அடுத்த வீட்டுக்குப் போய்விட்டார்.

அந்த நண்டை எழுதியவர் காத்திவாக்கம் பாஸ்கர். ஸ்டூடியோவுக்கு விளக்குப் பிடிக்கப் போனவர். ஒருநாள் கதை எழுதுகிறவர் வராமல் போக, சிவப்புத் துணியில் பஞ்சடைத்த நண்டுப் பொம்மைக்கு ரெண்டு வரி சொல்லிக் கொடுத்தார். "இன்னா நைனா, பல்லு வெளக்கினியா?" என்று நண்டு கேட்டதும் இந்தப் பக்கத்துப் பிள்ளைகள் அத்தனை பேரும் வாயைப் பொத்திக்கொண்டு குழாயடிக்கு ஓடினார்கள். சினிமாவில் ரவுடியும் கோமாளியும் மட்டுமே பேசுகிற தங்கள் வீட்டுப் பேச்சை ஒருவர் அன்பாகப் பேசி அவர்கள் அதற்குமுன் கேட்டதில்லை. என்ன காலம் அது! ஞாயிறு காலையில் தெருவில் ஒரு ஈ காக்கா இருக்காது. வடகறி ஆறிக் கிடக்கும், கடைக்குப் போகச் சொன்ன அம்மாவே டிவி முன்னால் உட்கார்ந்திருப்பாள்.

பிறகு புது மேனேஜர் வந்தார். நண்டு நல்ல தமிழ்தான் பேச வேண்டும் என்றார். பாஸ்கருக்கு மகள் சினேகாவின் படிப்பு இருந்தது, தலையாட்டிவிட்டு எழுதினார். அந்த ஞாயிறு நண்டு, "வணக்கம் குழந்தைகளே, நலமாக இருக்கிறீர்களா?" என்றது. ஊர் பதறிவிட்டது. கல்லடி பட்டாலும் கண்ணடி படக்கூடாது என்பார்கள். நண்டுக்குக் கண்ணடிதான் பட்டிருக்கிறது என்று முடிவானது. பிள்ளைக்கு ஒன்று என்றால் எந்தச் சாமி என்று பார்க்காமல் தர்கா பக்கம் தூக்கிக்கொண்டு ஓடுவது இங்கே வழக்கம். பாஸ்கரின் மனைவி புஷ்பவல்லி, எழுதியது தன் புருஷன்தான் என்று தெரிந்தும், டிவியை மீன்பாடி வண்டியில் ஏற்றி, தர்கா வாசலில் பிள்ளைகளுக்கு ஓதி ஊதுகிற ரஹீமுன்னிசாவிடம் கொண்டுபோனாள். "பாயம்மா, புள்ள பேச்சே மாறிப்பூட்ச்சி" என்றாள். ரஹீமுன்னிசா ஓதி, திரையில் ஊதி, ஆண்டெனாவில் கறுப்புக் கயிறு கட்டிவிட்டார். அடுத்த வாரம், பாஸ்கர் நல்ல தமிழில் எழுதியிருந்தும், நண்டு பழைய பேச்சையே பேசியது. மேனேஜர் நிகழ்ச்சியை நிறுத்தினார். பாஸ்கருக்கும் வேலை போனது.

அதற்கு அடுத்த ஞாயிறு நண்டு வந்தது, பேசவில்லை. எழுதிக் கொடுக்க ஆள் இல்லையே. கொடுக்குகளை மடியில் வைத்துக்கொண்டு அரை மணி நேரமும் எல்லோரையும் பார்த்துக்கொண்டே இருந்தது. "வாயில்லா ஜீவன்யா. நீ எய்தலன்னா அதுக்கு யாரு கீறா?" என்றாள் புஷ்பவல்லி. அன்றிலிருந்து பாஸ்கர் திருவொற்றியூர் கண்டெய்னர் யார்டில் கேட் வேலை பார்த்துக்கொண்டே, ஒரு லாரிக்கும் அடுத்த லாரிக்கும் நடுவில் எழுதினார். சனிக்கிழமை தாளை டிவி மேல் வைப்பார். மறுநாள் நண்டு அதைப் பேசும். பெட்டி டிவி போய்ச் சுவர் டிவி வந்த பிறகு தாளைத் துணி கிளிப் போட்டுத் தொங்கவிட்டார். குரல் கொடுத்தவர் திருப்பூரில் பனியன் கடை வைத்துவிட்டார். குரல் மட்டும் இங்கேயே தங்கிவிட்டது. பாஸ்கருக்கு ஒரே பயம்தான். தனக்குப் பிறகு நண்டு ஞாயிறு தவறாமல் வந்து, ஊமையாக உட்கார்ந்துவிட்டுப் போகுமே என்று நினைத்தாலே அவருக்குச் சோறு இறங்காது.

போன ஐப்பசியில் வாதம் வந்து அவருக்கு வலது கையும் வாயும் விழுந்துவிட்டன. அந்த ஞாயிறு, நண்டோடு வளர்ந்தவர்கள் தங்கள் பிள்ளைகளைத் தூக்கிக்கொண்டு அவர் வீட்டுக்கு வந்து நின்றார்கள். கிளிப்பில் தாள் இல்லை. அப்பா பார்த்தால் மனம் உடைந்துபோவார் என்று சினேகா திரையில் போர்வை போடப் போனாள். பாஸ்கர் இடது கையால் தடுத்தார். ஒன்பது மணிக்கு நண்டு வந்தது. கொடுக்கை மடியில் வைத்தது. கொஞ்ச நேரம் அவரையே பார்த்தது.

"இன்னா பாஸ்கரு, ஒடம்பு எப்டி கீது?" என்றது.

அது அவர் எழுதிய வரி இல்லை. பாஸ்கர் வாயைத் திறந்தார். சத்தம் வரவில்லை, கண்ணீர்தான் வந்தது. இத்தனை வருடமாகச் சுமந்த பயம் அவரை விட்டு இறங்கியது. நண்டு பதிலுக்குக் காத்திருந்தது.

"தேவல. காலைல ரெண்டு இட்லி துன்னாரு" என்றாள் புஷ்பவல்லி.

"அப்போ செரி" என்று நண்டு அன்றைய கதையை ஆரம்பித்தது. வாசலில் நின்றவர்களை மறைக்காமல் உட்காரச் சொன்னாள் புஷ்பவல்லி.