மூன்றாம் ஓலை

அன்று ஞாயிறு பூசைக்கு வந்திருந்தவர்கள்: பால்காரர், அவர் மனைவி, கைக்குழந்தை, காது மந்தமான வாத்தியார், லாரி மெக்கானிக், அவன் அம்மா, கடைசி பெஞ்சில் தையல்காரி. மணி அடிக்கவும் கதவு பூட்டவும் கோயில்பிள்ளை. பீடத்தில், ஊருக்கு வந்து பதினெட்டு மாதமே ஆன இளம் பாதிரியார்.

மெக்கானிக்குக்கும் தையல்காரிக்கும் கல்யாணம் பேசியிருந்தது. மூன்று ஞாயிறு பாதிரியார் கல்யாண ஓலை வாசிக்க வேண்டும். தடை தெரிந்தவர்கள் சொல்லுங்கள் என்று மூன்று முறையும் சபையைக் கேட்க வேண்டும். ஒன்று குறைந்தாலும் கல்யாணம் நடக்காது. இரண்டை வாசித்தாயிற்று.

அந்த இரண்டு வாரமும் பாதிரியாருக்கு இருப்புக்கொள்ளவில்லை. சாப்பாடு தட்டிலேயே ஆறியது. அறைக்கும் முற்றத்துக்கும் நடந்து செருப்புத் தேய்ந்ததுதான் மிச்சம். எல்லாம் அவருடைய அங்கியின் கிழிந்த கையைத் தையல்காரி தைத்துக் கொடுத்த நாளில் பிடித்த வினை. விரல்கூடப் பட்டதில்லை. பேசியதெல்லாம் நூல், பட்டன், மழை.

மூன்றாம் ஓலை பிரசங்கத் தாளுக்கு அடியில் கிடந்தது. அவர் எடுக்கவில்லை. ஆசீர்வாதம் கொடுத்துவிட்டு விறுவிறுவென்று உள்ளறைக்குப் போய்விட்டார்.

பின்னாலேயே தையல்காரி வந்து வாசலில் நின்றாள்.

"மறந்துட்டீங்களா சாமி?"

பொய் நாக்கு நுனிவரை வந்தது. "மறக்கல."

"தடை இருந்தா சொல்லுங்கன்னு ரெண்டு வாரமா ஊரைக் கேட்டீங்க. தெரிஞ்சது உங்களுக்கும் எனக்கும்தான். நீங்க வாயைத் திறப்பீங்கன்னு கல்லு மாதிரி உக்காந்திருந்தேன்."

இடுப்புக் கயிற்றின் முடிச்சை அவிழ்க்கப் பார்த்தார். இன்னும் இறுகியது. குருப்பட்டம் வாங்கிய நாளில், கல்யாணம் இல்லை என்று கொடுத்த வாக்கைப் பற்றி ஏதோ ஆரம்பித்தார்.

"வாக்கு பெருசுன்னா வாசிங்க. நான் பெருசுன்னா சொல்லுங்க. அந்தரத்துல தொங்க விடாதீங்க."

வெளியே மெக்கானிக்கின் அம்மா, இந்த வயசிலேயே சாமிக்கு மறதியா என்று கோயில்பிள்ளையிடம் நியாயம் கேட்டுக்கொண்டிருந்தாள். பாதிரியார் மறுபடி மணி அடித்து எல்லோரையும் உள்ளே கூப்பிடச் சொன்னார். எதற்கென்று தெரியாமலே தையல்காரி கடைசி பெஞ்சுக்குத் திரும்பினாள்.

ஓலையை வாசித்தார். தடை உண்டா என்று கேட்டார். வழக்கமாக ஒரு மூச்சு நேரம் பொறுப்பார். இன்று பொறுத்துக்கொண்டே இருந்தார். குழந்தை சிணுங்கியது. மெக்கானிக் தலையைச் சொறிந்தான். பாதிரியாரின் வாய் திறந்தது, மூடியது. தையல்காரி இமைக்காமல் பார்த்தாள்.

"யாரும் ஒண்ணும் சொல்லல சாமி. முடிங்க, வாத்தியார் தூங்கிட்டாரு," என்றார் கோயில்பிள்ளை.

பாதிரியார் ஓலையை நாலாக மடித்தார்.

வாசலில் செருப்பை மாட்டிக்கொண்டு கடைசியாகத் தையல்காரி இறங்கினாள். கோயில்பிள்ளை அவள் பின்னால் கதவைச் சாத்தி, சாவியை இரண்டு சுற்றுச் சுற்றினார்.