எழுதிப் பார்க்காத பெயர்

கனகாவுக்கு வந்திருந்த செய்தி ஒரு கேள்விக்குறியில் தொடங்கியது. பிறகு ஆங்கில எழுத்துகளும் எண்களும் இடைவெளியே இல்லாமல் நான்கு வரிக்கு ஓடின. அதற்குக் கீழே அதே மாதிரி இன்னொன்று, அதற்கும் கீழே இன்னொன்று. மூன்றும் அவள் கணவன் அழகர்சாமி நேற்று மஸ்கட்டிலிருந்து அனுப்பியவை. நாற்காலியை முன்னால் இழுத்துப் போட்டுக்கொண்டு, ஏதாவது ஒரு சொல்லாவது அகப்படுகிறதா என்று திரையில் விரல் வைத்துத் தேடினாள். ஒன்றும் அகப்படவில்லை. அவன் போன் நேற்றிலிருந்து சுவிட்ச் ஆஃப்.

அழகர்சாமி அங்கே ஒரு கட்டுமானக் கம்பெனியில் ஸ்டோர் கீப்பர். ஒப்பந்தம் முடிந்து வருஷம் ஒன்றாகியும் பாஸ்போர்ட்டைக் கையில் தரவில்லை. தூதரகத்தில் போய்ச் சொல்லுங்கள் என்று பங்குனியில் கனகா சாட்டில் எழுதினாள். மறுநாளே மேனேஜர் அவனைக் கூப்பிட்டு, ஒரு தமிழ் ஆளை விட்டு அவள் எழுதியதை அப்படியே வாசிக்கச் சொன்னாராம். அவர்கள் தங்கும் கேம்பில் இருந்த இன்டர்நெட் லைன் கம்பெனியுடையது. அதைக் கேள்விப்பட்ட பிறகு பல நாள், தான் வேலை பார்க்கும் மில்லின் டைம் ஆபீஸில் வருகைப் பதிவு போட்டுக்கொண்டே, அதற்கு முன்பெல்லாம் என்னென்ன எழுதியிருக்கிறோம் என்று கனகா நினைத்துப் பார்த்தாள். காது மடல் சுட்டது.

அதன்பிறகுதான் அவன் அறையில் தங்கியிருந்த ஒருவன் வழி சொன்னான். இரண்டு பக்கமும் ஒரு சின்ன மென்பொருளைப் போட்டுவிட்டால் நடுவில் ஒட்டுக்கேட்பவனுக்கு வெறும் எழுத்துக் குப்பைதான் தெரியும். அழகர்சாமி போனில் சொல்லச் சொல்ல, நாகல் நகர் பிரவுசிங் சென்டரின் மூலைக் கம்ப்யூட்டரில் கனகாவே அதைப் போட்டாள். ஞாயிறுதோறும் அதே கம்ப்யூட்டரில் வந்து உட்காருவாள். நடுவில் இருப்பவனுக்குத் தெரிய வேண்டிய குப்பை இன்று அவளுக்கே தெரிந்தது.

சென்டர்காரர் ஆனந்த்ராஜ் வந்து எட்டிப் பார்த்தார். வைரஸ் புகுந்துவிட்டதால் வியாழக்கிழமை எல்லாவற்றையும் அழித்துவிட்டு விண்டோஸைப் புதிதாகப் போட்டதாகச் சொன்னார். அவளுடைய மென்பொருளும் அதோடு போயிருந்தது. ஒரு பழைய சிடியில் தேடி எடுத்துப் போட்டுக் கொடுத்தார். அது ஓடத் தேவையான ஏதோ ஒரு டிஎல்எல் ஃபைல் இல்லை என்று சிவப்புப் பெருக்கல் குறியோடு பெட்டி ஒன்று வந்து நின்றது. அந்த ஒரு ஃபைல் இல்லாமல் செய்தியைப் பூட்டவும் முடியாது, திறக்கவும் முடியாது என்றார். இன்டர்நெட்டில் தேடி, அந்த ஃபைலைத் தனியாகத் தருகிற ஏதோ ஒரு தளத்தைத் திறந்தார்.

கனகா அவர் கை மேல் கை வைக்கப் போய், பின்னால் இழுத்துக்கொண்டாள்.

"அண்ணே, வேணாம். இது யாரு குடுக்குறதுன்னே தெரியலையே."

"டிஎல்எல்ல என்னம்மா இருக்கு? ஒண்ணு போலதான் எல்லாம்."

"பூட்டு செஞ்சவன்கிட்டதான் வாங்கணும்னு அவுக சொல்லியிருக்காக. நேரமானாலும் அங்கயே எடுங்க."

அவருக்குக் கொஞ்சம் முகம் மாறியது. ஆனாலும் அந்த மென்பொருளைச் செய்தவர்களின் தளத்தையே தேடிப் பிடித்தார். லைன் இழுத்து இழுத்து வந்தது. கனகா எழுந்து வாசல் வரைக்கும் போனாள், திரும்பி வந்தாள், தண்ணீர் குடித்தாள், மறுபடியும் வாசலுக்குப் போனாள். அந்த மூன்று செய்தியில் ஒன்று போலீஸ் பிடித்துவிட்டது என்பதாக இருக்கலாம். ஊருக்கு வருகிறேன் என்பதாகவும் இருக்கலாம்.

ஒருவழியாக எல்லாம் சரியாக ஏறியது. ஆனால் அந்த மூன்றும் அப்படியே குப்பையாகவே நின்றன. செய்தியைத் திறக்கிற பழைய சாவி வியாழக்கிழமையே மென்பொருளோடு அழிந்துபோனது, இது புதுச் சாவி என்றார் ஆனந்த்ராஜ்.

"அப்ப அதை இனி யாரு படிக்க முடியும்?"

"யாராலயும் முடியாதும்மா. அதுக்குத்தானே அதைப் போட்டீக."

அவர் போன பிறகு அழகர்சாமியின் பெயருக்குப் பக்கத்தில் பச்சை விளக்கு எரிந்தது. ஆங்கில எழுத்தில் தமிழ் வந்தது. முன்னே அனுப்பியதைப் படித்தாயா என்று கேட்டிருந்தான். அதற்கு மேலே, எதிரில் இருப்பவர் யார் என்று இன்னும் உறுதியாகவில்லை என ஒரு வரி மின்னியது. கனகாவின் விரல் விசையில் நின்றுபோயிற்று. மேனேஜரிடம்தான் தமிழ் எழுதப் படிக்கத் தெரிந்த ஆள் இருக்கிறானே. போனைப் பிடுங்கியிருந்தால் அவன் கம்ப்யூட்டரையும் பிடுங்கியிருக்க மாட்டார்களா?

உங்கள் இருவருக்கு மட்டும் தெரிந்த ஒன்றைக் கேள், இரண்டு பேரும் தனித்தனியாக அடிக்கும் விடை ஒத்துப்போகிறதா என்று நான் சொல்கிறேன் என்றது அந்த மென்பொருள். இருவருக்கு மட்டும் என்று என்ன இருக்கிறது? கல்யாணம் ஊர் கூடி நடந்தது. சண்டையெல்லாம் பக்கத்து வீடு வரைக்கும் கேட்டது. நாலாம் மாதம் கலைந்துபோன பிள்ளை மட்டும்தான். அதுவும் எல்லோருக்கும் தெரியும். ஆனால் அது பெண்ணாகப் பிறந்தால் என்ன பெயர் வைப்பது என்று பழனியிலிருந்து திரும்பும் பஸ்ஸில் அவன் காதோரம் சொன்னது யாருக்கும் தெரியாது. பிறகு அவர்களுமே அதைச் சொல்லிக்கொண்டதில்லை.

கேள்வியை எழுதினாள். விடைக்கான கட்டத்தில் தேன்மொழி என்று ஆங்கிலத்தில் அடித்தாள். ழகரத்துக்கு இசட்டும் எச்சும் போட்டாள். பச்சைக் கோடு மெல்ல நகர்ந்தது. பாதியில் வெகுநேரம் நின்றது. பிறகு ஒரே மூச்சில் முடிந்து, ஒத்துப்போகவில்லை என்றது.

கனகா எழுந்துவிட்டாள். மென்பொருளை மூடிவிட அம்புக்குறியைப் பெருக்கல் குறி வரைக்கும் கொண்டுபோனாள். அப்போது கீழே ஒரு வரி வந்து விழுந்தது.

"தப்புன்னு சொல்லுது. அந்த ழானாவுக்கு எல் போடணுமா வேற போடணுமா? நம்ம அத எழுதிப் பாத்ததே இல்லையே, கனகா."

அவள் உட்கார்ந்தாள். திரை கலங்கித் தெரிந்தது. நீங்கள்தான், நீங்கள்தான் என்று இரண்டு தடவை அடித்தாள். பழையது எதையும் படிக்க முடியவில்லை என்றும் அடித்தாள். பரவாயில்லை, விடியக்காலம் பாஸ்போர்ட் கிடைக்காத ஆறு பேரும் தூதரகத்துக்குப் போகிறோம், கம்பெனியில் போனை வாங்கி வைத்துக்கொண்டார்கள், நான் கூப்பிடும் வரைக்கும் நீ கூப்பிடாதே என்று எழுதினான். மேலும் ஏதோ அடித்துக்கொண்டிருந்தான். அதற்குள் பச்சை விளக்கு அணைந்தது.

வெளியே வெயில் கண்ணைக் குத்தியது. நிலக்கோட்டை பஸ்ஸின் கூரையில் காலிப் பூக்கூடைகளை ஒன்றன்மேல் ஒன்றாக எறிந்துகொண்டிருந்தார்கள். பஸ் நகர்ந்தபோது கட்டாமல் விட்ட ஒரு கூடை விளிம்பு வரைக்கும் வந்து, விழாமல், வளைவு திரும்பி மறையும் வரைக்கும் ஆடிக்கொண்டே போனது.